இடங்கால் பிள்ளைக்கு ஒரு பாடம்: யூடியூப்பில் கேட்டி மெக்கேப்

கன்னியாகுமரி மாவட்டத்தில் தூத்தூர், சின்னத்துறை, இரவிபுத்தன்துறை, வள்ளவிளை, மார்த்தாண்டன்துறை, நீரோடி என்று கடலோரமாகவே போனால் எந்த ஊரிலும் சாயங்காலம் பந்து உதைபடும் சத்தம் கேட்கும். ஆண்பிள்ளைகளுக்கு அது பாட்டன் காலத்துப் பழக்கம். பெண்பிள்ளைகளின் அணியைச் சேர்த்து ஓட்டுகிறவர்களுக்கு மட்டும் ஒரு சிக்கல் திரும்பத் திரும்ப வரும்: அணியில் ஒரேயொரு இடங்கால் பிள்ளை இருப்பாள், அவளுக்கு யாரைக் காட்டிச் சொல்லிக்கொடுப்பது? இடது ஓரத்தில் நிறுத்தி, "பந்து வந்தா உள்ளே போடு" என்று சொல்வதோடு பாடம் முடிந்துவிடுகிறது. பந்து வராத எண்பது நிமிடம் அவள் என்ன செய்ய வேண்டும் என்பதை யாரும் சொல்வதில்லை.

அந்த எண்பது நிமிடத்துக்கான பாடம் அயர்லாந்து அணித் தலைவி கேட்டி மெக்கேப்பின் ஆட்டங்களில் இருக்கிறது. அவற்றைக் காசில்லாமல் பார்க்க வழி தருகிற யூடியூப் சேனல்கள்தான் இங்கே மதிப்பிடப்படுகின்றன: ஃபிஃபாவின் சேனல், ஐரோப்பிய கிளப்புகள் மோதும் மகளிர் சாம்பியன்ஸ் லீக்கைக் காட்டிய டசோன் சேனல், இங்கிலாந்து மகளிர் சூப்பர் லீக்கின் சேனல். முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். முழு ஆட்டமாகப் பார்த்தால் இதைவிட நல்ல பாடம் இலவசமாகக் கிடைக்காது. மூன்று நிமிட ஹைலைட்ஸை மட்டும் காட்டினால் தவறான பாடம் பதியும். ஹைலைட்ஸில், இடது ஓரத்தில் தற்காக்கிற லெஃப்ட் பேக் என்றால் முன்னே ஓடி கிராஸ் போடுகிற (ஓரத்திலிருந்து கோல் முன்னே பந்தை அனுப்புகிற) ஆள். திரும்பி ஓடுவதும், நடுவே ஒதுங்கி நிற்பதும், எதிராளியை ஓரத்திலேயே தேக்கி வைப்பதும் அதில் வராது.

ஏன் மெக்கேப்? மெஸ்ஸியும் இடங்கால்தானே என்று கேட்கலாம். மெஸ்ஸி தற்காக்க ஓட வேண்டியதில்லை. நம் பிள்ளைகளின் அணியில் அந்தச் சலுகை யாருக்கும் கிடையாது. மெக்கேப் விங்கில், அதாவது ஓரத் தாக்குதலில், தொடங்கி லெஃப்ட் பேக்காக மாறியவர், தேவைப்பட்டால் நடுக்களத்திலும் ஆடுகிறவர். 1995-இல் பிறந்தார். டப்ளின் நகரத்து டாலா பகுதியில் வளர்ந்து, ரஹேனி யுனைடெட், ஷெல்போர்ன் ஆகிய உள்ளூர் அணிகளில் ஆடி, 2015 டிசம்பரில் லண்டனின் ஆர்சனல் கிளப்புக்குப் போனார். அங்கே உடனே இடம் கிடைக்கவில்லை. 2017-இல் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ சிட்டி அணிக்குக் கடனாக அனுப்பப்பட்டார். அதே ஆண்டில், 21 வயதில், அயர்லாந்தின் தலைவியானார். அந்த நாட்டு மகளிர் அணிக்கு அவ்வளவு இளவயதில் அதற்குமுன் யாரும் தலைமை தாங்கியதில்லை. சொந்த கிளப்பில் இடம் உறுதியாகாத ஒருவரை நாடு தலைவியாக்கியது என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். மாவட்ட அணித் தேர்வில் பெயர் வராமல் திரும்புகிற பிள்ளைக்கு அது உதவும்.

முதலில் ஃபிஃபா சேனல். தேட வேண்டிய ஆட்டம் 2023 ஜூலை 26, பெர்த் நகரம், கனடாவுக்கு எதிரானது. அயர்லாந்து மகளிர் அணிக்கு அதுதான் முதல் உலகக் கோப்பை. நான்காவது நிமிடம் வலது மூலையிலிருந்து மெக்கேப் இடங்காலால் எடுத்த கார்னர், யார் மேலும் படாமல் வளைந்து கோல்கீப்பர் கைலன் ஷெரிடனைத் தாண்டி நேராக வலைக்குள் போனது. மகளிர் உலகக் கோப்பையில் கார்னரிலிருந்து நேரடியாக விழுந்த முதல் கோல் அது. மகளிர் உலகக் கோப்பையில் அயர்லாந்தின் முதல் கோலும் அதுவே. ஆட்டத்தைக் கனடா 2-1 என்று வென்றது. இந்தக் காட்சிக்கு ஹைலைட்ஸே போதும், முழு ஆட்டம் வேண்டாம். தரம் நன்றாக இருக்கிறது, பல கோணங்களில் திரும்பக் காட்டுகிறார்கள். கணினியில் பார்த்தால் வீடியோவை நிறுத்திவிட்டு, காற்புள்ளி விசையால் ஒரு சட்டகம் பின்னேயும், முற்றுப்புள்ளி விசையால் ஒரு சட்டகம் முன்னேயும் நகர்த்தலாம். கால் பந்தைத் தொடும் நொடியை அப்படித்தான் பார்க்க முடியும். போனில் அந்த வசதி கிடையாது, வேகத்தை 0.25-க்குக் குறைத்துக்கொள்ளுங்கள்.

அந்த உதையில் பார்க்க வேண்டியது என்ன? வலது மூலையில் இடங்கால்காரி உதைக்கும்போது பந்து கோல் கோட்டை நோக்கி உள்ளே வளைய வேண்டும். அதற்குக் கால் பந்தின் இடப்பக்கத்தில், நடுவுக்குச் சற்றுக் கீழே பட வேண்டும். பாதத்தின் உட்பக்கம், பெருவிரல் எலும்பு முட்டுக்குப் பின்னால் உள்ள இடம் படும். வலது கால் பந்துக்குப் பக்கத்தில் ஒரு சாண் தள்ளி ஊன்றியிருக்கும். உதைத்த பிறகு இடங்கால் உடம்பைக் குறுக்கே கடந்து வலப்பக்கம் போகும். இவற்றில் நம் பிள்ளைகள் தவறுவது பெரும்பாலும் ஊன்றுகாலில். ஊன்றுகால் பந்துக்குப் பின்னால் விழுந்துவிடும், உடம்பு சாயும், பந்து வானத்துக்குப் போகும். ஊன்றுகால் விழ வேண்டிய இடத்தில் ஒரு சிறிய சிப்பியைப் பதித்து வைத்தால் இரண்டு நாளில் சரியாகிவிடும்.

தூரத்தையும் கணக்கில் எடுங்கள். 68 மீட்டர் அகல மைதானத்தில் மூலைக் கொடியிலிருந்து பக்கத்துக் கம்பத்துக்குச் சுமார் 30 மீட்டர், எதிர்க் கம்பத்துக்குச் சுமார் 38 மீட்டர். பதிமூன்று வயதுப் பிள்ளையால் 38 மீட்டர் தூக்க முடியாது. முடியாததைச் செய்யச் சொன்னால் முழு பலத்தையும் போடுவாள், வளைவு போய்விடும். அகலம் 50 மீட்டர்தான் இருக்கிற ஊர் மைதானத்தில் பக்கத்துக் கம்பம் 21 மீட்டரில் வந்துவிடும். அங்கே தொடங்குவதே நல்லது. பந்தின் காற்றும் முக்கியம்: விதிப்படி 8.5 முதல் 15.6 பிஎஸ்ஐ வரை இருக்கலாம். அழுத்தினால் குழிகிற பந்தில் வளைவு பழக முடியாது. ஒரே மூச்சில் நாற்பது, ஐம்பது கார்னர் எடுக்க விடாதீர்கள், தொடை இடுக்கில் தசை பிடித்துக்கொள்ளும். பதினைந்து உதை, இடைவெளி, இன்னொரு பதினைந்து. ஒரு நாளைக்கு அவ்வளவு போதும்.

நம் கடற்கரையில் இன்னொன்றும் உண்டு. மதியத்துக்குப் பிறகு கடல்காற்று ஏறும். ஒரு கோல் கடலைப் பார்த்தும் இன்னொரு கோல் ஊரைப் பார்த்தும் இருக்கிற மைதானத்தில், ஊர்ப்பக்கத்துக் கோலுக்கு எடுக்கும் கார்னரைக் காற்றே உள்ளே தள்ளிவிடும். பிள்ளை தனக்கு வளைக்கத் தெரிந்துவிட்டது என்று நினைப்பாள். கடல்பக்கத்துக் கோலில் அதே உதை கோல் கோட்டைத் தொடாமல் முன்னாலேயே நின்றுவிடும். வாரத்தில் ஒரு நாளாவது காலை ஆறு, ஆறரை மணிக்கு, காற்று படிந்திருக்கும்போது எடுக்கச் சொல்லுங்கள். உண்மையான வளைவு அப்போதுதான் தெரியும்.

ஃபிஃபா சேனலில் இன்னொரு ஆட்டத்தையும் பாருங்கள். அதே உலகக் கோப்பையின் முதல் நாள், 2023 ஜூலை 20, சிட்னியில் ஆஸ்திரேலியாவுக்கு எதிரானது. அரங்கில் 75,784 பேர். ஆஸ்திரேலியா 1-0 என்று வென்றது. பெனால்டியில் கோல் போட்ட ஸ்டெஃப் கேட்லி அன்று ஆஸ்திரேலியாவின் தலைவி. அவரும் லெஃப்ட் பேக், அவரும் ஆர்சனல், அவரும் இடங்கால். அன்று ஒரே கிளப்பில் ஒரே இடத்துக்குப் போட்டி போட்ட இருவர் ஆளுக்கொரு நாட்டுக்குத் தலைவியாக எதிரெதிரே நிற்கிறார்கள். இடங்கால் பிள்ளைக்கு ஒரே திரையில் இரண்டு பாடம் கிடைக்கும் ஆட்டம் இது. ஆனால் ஹைலைட்ஸில் இருவருமே பந்து காலில் இருக்கும்போது மட்டும்தான் தெரிகிறார்கள். இந்த ஆட்டத்துக்கு ஹைலைட்ஸ் போதாது.

அடுத்தது டசோன் சேனல். முழு ஆட்டங்கள் ஓடிய இடம் இதுதான். 2021-22, 2022-23 ஆகிய இரண்டு சீசன்களிலும் மகளிர் சாம்பியன்ஸ் லீக்கின் குழுச் சுற்று முதல் இறுதி வரை 61 ஆட்டங்களும் யூடியூப்பில் இலவசமாகவே ஓடின. பெண்கள் கால்பந்துக்கு அவ்வளவு பெரிய கதவு அதற்குமுன் திறந்ததில்லை. ஆர்சனல் அந்த இரண்டு சீசன்களிலும் ஆடியது. 2023 மே 1-ஆம் தேதி ஜெர்மனியின் வோல்ஃப்ஸ்பர்க் அணிக்கு எதிரான அரையிறுதி இரண்டாம் ஆட்டம், லண்டன் எமிரேட்ஸ் அரங்கில் 60,063 பேர் முன்னால் கூடுதல் நேரம் வரை போய், 119-ஆவது நிமிடத்தில் விழுந்த கோலில் ஆர்சனல் 2-3 என்று தோற்றது. கால் களைத்த பிறகு ஓர ஆட்டக்காரர்கள் எப்போது முன்னேறுகிறார்கள், எப்போது ஏறாமல் நிற்கிறார்கள் என்று பார்க்க இதைவிட நல்ல ஆட்டம் இல்லை. பதிவு கிடைத்தால் கடைசி அரை மணியை மட்டும் போட்டாலே போதும்.

முழு ஆட்டம் பார்க்கும்போது கேமரா எங்கே இருக்கிறது என்று முதலில் புரிந்துகொள்ள வேண்டும். பிரதானக் கேமரா நடுக்கோட்டுக்கு நேரே, அரங்கின் ஒரு பக்கத்தில், உயரத்தில் இருக்கும். திரையில் ஒரு அணி இடமிருந்து வலமாகத் தாக்கினால் அதன் இடது ஓரம் திரையின் மேற்பக்கம் வரும், அதாவது கேமராவுக்கு எதிர்ப்பக்கம். லெஃப்ட் பேக் கட்டைவிரல் நகம் அளவுக்குத்தான் தெரிவார். வலமிருந்து இடமாகத் தாக்கும்போது இடது ஓரம் திரையின் கீழ்ப்பக்கம், கேமராவுக்கு அருகில் வரும். அப்போது கால் வைக்கும் இடம்கூடத் தெரியும். எனவே மெக்கேப்பின் அணி வலமிருந்து இடமாகத் தாக்கும் பாதியைத் தேர்ந்தெடுத்துப் போடுங்கள். இன்னொரு பாதியைப் பிள்ளைகளுக்குக் காட்டினால் பத்தாவது நிமிடம் கொட்டாவி வரும். பாடத்தில் குறை இல்லை, ஆள் தெரியவில்லை, அவ்வளவுதான்.

இந்தப் பதிவுகளின் பெரிய குறை ஒன்று உண்டு, எந்த சேனலானாலும் அதே குறைதான். கேமரா பந்தின் பின்னாலேயே போகிறது. பந்து வலது ஓரத்தில் இருக்கும்போது லெஃப்ட் பேக் பெரும்பாலும் படத்துக்கு வெளியே இருப்பார். தற்காப்பில் அவருடைய முக்கியமான வேலை நடப்பதே அப்போதுதான். ஓரத்தை விட்டு உள்ளே வந்து, நடுவில் தற்காக்கிற சென்டர் பேக்குக்குப் பக்கத்தில் பத்துப் பன்னிரண்டு அடிக்குள் நின்று, எதிர்க் கம்பத்துக்கு வரும் கிராஸைக் காக்க வேண்டும். அது பாதிதான் தெரியும். மீதியைக் கண்டுபிடிக்க ஒரு வழி: மெக்கேப் அணியின் வலது ஓரத்திலிருந்து எதிரணி கிராஸ் போடும் நொடியில் நிறுத்துங்கள். பெனால்டி பெட்டிக்குள் அவர் நிற்கும் இடத்தைக் காட்டி, "இங்கே வந்து சேர எவ்வளவு முன்னாடியே ஓடியிருக்கணும்?" என்று கேளுங்கள். ஐந்து விநாடி பின்னே போய் ஓடவிடுங்கள். பதிலைப் பிள்ளைகளே சொல்வார்கள்.

இறுதிப் பரீட்சை மாதிரி ஒரு ஆட்டம் இருக்கிறது: 2025 மே 24, லிஸ்பன், சாம்பியன்ஸ் லீக் இறுதி, ஆர்சனலும் பார்சிலோனாவும். நம் நேரம் இரவு 9:30-க்குத் தொடங்கியது. 74-ஆவது நிமிடத்தில் ஸ்டினா பிளாக்ஸ்டெனியஸ் போட்ட ஒரே கோலில் ஆர்சனல் வென்றது. மெக்கேப் லெஃப்ட் பேக். சிட்னியில் எதிரே நின்ற கேட்லி இங்கே அவருக்குப் பக்கத்தில் சென்டர் பேக். எதிரே பார்சிலோனாவின் வலது விங்கில் நார்வேயின் கேரோலின் கிரஹாம் ஹான்சன். உலகத்தில் ஒரு லெஃப்ட் பேக்குக்கு வைக்கக்கூடிய மிகக் கடினமான வினாத்தாள் அவர். ஓரமாகவும் போவார், உள்ளேயும் வெட்டுவார், நின்ற இடத்திலிருந்தே ஆளைத் தாண்டுவார். அன்று பார்சிலோனா ஒரு கோல்கூடப் போடவில்லை.

இந்த ஆட்டத்தின் முழுப் பதிவு கிடைத்தால் அதை எடுங்கள், இல்லையென்றால் நீளமான ஹைலைட்ஸ். பிள்ளைகளிடம் ஆளுக்கொரு நோட்டைக் கொடுத்து மூன்று பத்தியாகக் கோடு போடச் சொல்லுங்கள்: பந்து என் ஓரத்தில், பந்து நடுவில், பந்து எதிர் ஓரத்தில். ஒவ்வொரு முறையும் மெக்கேப் எங்கே நிற்கிறார் என்று ஒரு புள்ளி வைக்க வேண்டும். பந்தைப் பார்க்கக்கூடாது. முதல் ஐந்து நிமிடம் எல்லாருக்கும் கண் பந்தின் பின்னாலேயே போகும், அது இயல்பு. பத்தாவது நிமிடத்துக்குப் பிறகு புள்ளிகள் விழத் தொடங்கும். எதிரே விங்கர் பந்தோடு நிற்கும்போது மட்டும் நிறுத்தி நிறுத்திக் காட்டுங்கள். உடம்பு நேராக நிற்கிறதா, பக்கவாட்டில் திரும்பியிருக்கிறதா? எந்தக் கால் முன்னே? எத்தனை அடி இடைவெளி? பக்கவாட்டில் நின்று, ஒரு எட்டு வைக்கும் தூரம் இடைவெளி விட்டு, எதிராளியை ஓரக் கோட்டை நோக்கித் தள்ளுவதுதான் அடிப்படை. நம் மைதானங்களில் தற்காப்பு என்றாலே காலை நீட்டி விழுவது என்று ஆகிவிட்டது. மணலில் அது எடுபடும், விழுந்தாலும் வலிக்காது. புல்லிலும் டர்ஃப் என்கிற செயற்கைப் புல்லிலும் ஆடப் போகும்போது அதே பழக்கம் மஞ்சள் அட்டையைத்தான் வாங்கித் தரும்.

சூப்பர் லீக் சேனலைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். 2024-25 சீசனில், தொலைக்காட்சி எடுக்காத ஆட்டங்கள் லீக்கின் யூடியூப் சேனலில் வந்தன. எந்த ஆட்டம் எந்த நாட்டில் தெரியும் என்பது ஒளிபரப்பு உரிமத்தைப் பொறுத்தது. எனவே முந்தின நாளே சேனலைத் திறந்து, நேரலைப் பட்டியலில் அந்த ஆட்டம் இருக்கிறதா, நினைவூட்டல் பொத்தான் வருகிறதா என்று பாருங்கள். நேரம் நமக்கு வாகானது. இங்கிலாந்தில் ஞாயிறு பகல் 12 மணி ஆட்டம், அக்டோபர் கடைசி முதல் மார்ச் கடைசி வரை நமக்கு மாலை 5:30. மற்ற மாதங்களில் 4:30. கடலுக்குப் போகாத நாள், வீட்டில் எல்லாரும் இருக்கும் நேரம். அப்பாவும் சேர்ந்து பார்த்தால் மகள் ஆடப் போவதற்கு வருகிற எதிர்ப்பு பாதியாகக் குறையும். சாம்பியன்ஸ் லீக் இரவு ஆட்டங்கள் அப்படி இல்லை. அங்கே இரவு 8 என்றால் நமக்கு நள்ளிரவு 12:30 அல்லது 1:30. பள்ளிக்கூடப் பிள்ளைகளை அதற்காக விழிக்க வைக்க வேண்டாம், மறுநாள் பதிவு போதும். ஒன்று மட்டும்: பதிவின் முகப்புப் படத்திலேயே முடிவு தெரிந்துவிடும். முடிவு தெரியாமல் பார்க்க வைக்க வேண்டுமானால் நீங்களே முதலில் திறந்து, முழுத்திரையாக்கிவிட்டுக் கூப்பிடுங்கள்.

டேட்டா விஷயம். யூடியூப்பில் 480 தரத்தில் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் அரை ஜிபி போகும். 720 என்றால் ஒன்று முதல் ஒன்றரை ஜிபி. 1080 தரத்தில் விளையாட்டு பார்த்தால் இரண்டு ஜிபியைத் தாண்டும். தினம் 1.5 ஜிபி பேக் வைத்திருக்கும் வீட்டில் ஒரு முழு ஆட்டத்தை 480-இல்தான் பார்க்க முடியும். போன் திரைக்கு அது போதும், ஆனால் தானியங்கித் தரத்தில் விட்டுவிடாதீர்கள். சிக்னல் கொஞ்சம் ஏறியதும் தரமும் ஏறி, இரண்டாம் பாதியில் பேக் தீர்ந்துவிடும். தரத்தைக் கையாலேயே தேர்ந்தெடுத்துப் பூட்டுங்கள். ஊர் மண்டபத்து ப்ரொஜெக்டரில் போடுவதானால் அதன் திரை அளவைப் பாருங்கள். பழைய ப்ரொஜெக்டர்கள் பலவும் 1024-க்கு 768. அகலப் படத்தை அதில் போட்டால் மேலும் கீழும் கறுப்புப் பட்டை விழுந்து 576 வரிகள்தான் பயன்படும். 1080 தரம் அங்கே வீண் செலவு, 720 தாராளம். பகல் வெளிச்சத்தில் ப்ரொஜெக்டரில் பந்து கண்ணுக்கே தெரியாது. பத்துப் பிள்ளைகளுக்கு 32 அங்குல டிவி, ஏழெட்டு அடி தள்ளி உட்கார வைத்தால், மண்டபத்தை விட நன்றாகவே இருக்கும். போனிலிருந்து டிவிக்கு அனுப்புவதைவிட டிவியிலேயே யூடியூப் செயலியைத் திறப்பது நல்லது. போன் அழைப்பு வந்தாலும் படம் நிற்காது.

ஒரு உட்காரலுக்கு இருபது நிமிடத்துக்கு மேல் வேண்டாம். ஒன்று, இரண்டு நிமிடக் காட்சிகளாக நான்கை முன்கூட்டியே குறித்து வையுங்கள். கணினியில் பகிர் பொத்தானை அழுத்தும்போது இந்த நிமிடத்திலிருந்து தொடங்கு என்ற பெட்டியை டிக் செய்தால் அந்த நொடியிலேயே திறக்கும் இணைப்பு கிடைக்கும். அணியின் வாட்ஸ்அப் குழுவில் அப்படி நான்கு இணைப்பு போட்டால், வீட்டுக்குப் போய் இன்னொரு முறை பார்க்கிற பிள்ளைகள் பார்ப்பார்கள்.

கவனமாக இருக்க வேண்டிய ஒன்று: பெரிய ஆட்டம் நடக்கும் நேரத்தில் யூடியூப்பில் தேடினால் நேரலை என்ற சிவப்பு அடையாளத்தோடு போலிச் சேனல்கள் வரிசையாக வரும். உள்ளே ஓடுவது வீடியோ கேம் காட்சி. தூரத்திலிருந்து பார்த்தால் உண்மை ஆட்டம் மாதிரியே இருக்கும். கீழே ஒரு இணைப்பு கொடுத்து, முழு ஆட்டம் பார்க்கப் பதிவு செய்யுங்கள் என்று கார்டு எண் கேட்பார்கள். பிள்ளைகளின் கையில் இருப்பது பெரும்பாலும் அம்மாவின் போன், அதில் பணம் அனுப்பும் செயலிகள் எல்லாம் இருக்கும். சேனல் பெயருக்குப் பக்கத்தில் சரிபார்ப்பு டிக் இல்லையென்றால் திறக்கக்கூடாது என்று முதல் நாளே சொல்லி வையுங்கள்.

ஆட்டக் காட்சிகளோடு சேர்த்துக் காட்ட வேண்டிய இரண்டு விஷயங்கள் உண்டு. ஒன்று, 2017 ஏப்ரலில் டப்ளினின் லிபர்ட்டி ஹாலில் அயர்லாந்து மகளிர் அணி நடத்திய பத்திரிகையாளர் சந்திப்பின் செய்திக் காட்சி. அன்றைய தலைவி கோல்கீப்பர் எம்மா பர்ன், ஆர்சனல் 2007-இல் முதன்முதலாக ஐரோப்பியக் கோப்பை வென்றபோது கோலில் நின்றவர். நாட்டுக்காக ஆடுகிறவர்கள் விமான நிலையக் கழிப்பறையில் டிராக்சூட்டை மாற்றித் திருப்பிக் கொடுக்க வேண்டியிருந்ததை நாடு அறியச் சொன்னார்கள். கேட்டது பெரிதாக ஒன்றுமில்லை, சொந்தமாக ஒரு டிராக்சூட்டும் ஆட்டத்துக்கு நியாயமான படியும். நான்கு ஆண்டு கழித்து, 2021 ஆகஸ்டில், ஆண்கள் அணிக்கும் பெண்கள் அணிக்கும் நாட்டுக்காக ஆடச் சம ஊதியம் என்று அயர்லாந்து கால்பந்துச் சங்கம் அறிவித்தது. அப்போது பெண்கள் அணித் தலைவி மெக்கேப். ஆண்கள் அணியினர் தங்கள் தொகையைக் குறைத்துக்கொண்டு அதற்குச் சம்மதித்தார்கள். அண்ணன்மாரின் பழைய ஜெர்சியை மடித்துத் தைத்துப் போட்டுக்கொண்டு ஆட வருகிற பிள்ளைகள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

இன்னொன்று ஃபிஃபா 11+ பயிற்சி வீடியோக்கள். இவற்றுக்கு முழு மதிப்பெண் கொடுக்கலாம். 2022-23 சீசன் ஒன்றில் மட்டும் ஆர்சனலின் நான்கு முன்னணி ஆட்டக்காரிகள் முழங்காலின் முன் சிலுவைத் தசைநார் அறுந்து வெளியேறினார்கள்: பெத் மீட், விவியன் மீடமா, லியா வில்லியம்சன், லாரா வீன்ராய்ட்டர். இந்தக் காயம் ஆண்களைவிடப் பெண்களுக்குப் பல மடங்கு அதிகம் வருகிறது. அறுவை, பிறகு ஒன்பது மாதம் ஓய்வும் பயிற்சியும் என்பது பெரிய கிளப்பின் ஆட்டக்காரிக்கு. இங்கே ஒரு மீனவக் குடும்பத்துப் பிள்ளைக்கு அது பெரும்பாலும் கால்பந்தின் முடிவாகவே ஆகிவிடும். 11+ என்பது பயிற்சிக்கு முன் செய்யும் இருபது நிமிட வார்ம்-அப்: எட்டு நிமிடம் மெதுவான ஓட்டப் பயிற்சிகள், பத்து நிமிடம் வலு, சமநிலை, குதிப்பு, கடைசி இரண்டு நிமிடம் வேக ஓட்டமும் திரும்பலும். மொத்தம் பதினைந்து பயிற்சி. பந்தும் அடையாளக் கூம்புகளும் தவிர வேறு கருவி வேண்டாம். வாரம் இரண்டு முறையாவது, மாதக்கணக்கில் விடாமல் செய்தால்தான் பலன்.

வீடியோவில் கவனிக்க வேண்டியது குதித்து இறங்கும் காட்சி. முழங்கால் பாதத்துக்கு நேர் மேலே நிற்கிறதா, உள்ளே மடிகிறதா? நம் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு உள்ளேதான் மடியும். போனில் முன்னாலிருந்து படம் பிடித்து அவர்களுக்கே காட்டுங்கள். சொல்லித் திருத்துவதைவிட அது வேகமாகத் திருத்தும். வலுப் பயிற்சிகளில் மூன்று நிலை உண்டு. முதல் நிலை ஒழுங்காக வருவதற்குமுன் மூன்றாவதுக்குத் தாவாதீர்கள். தளர்ந்த மணலில் குதிப்புப் பயிற்சி வேண்டாம், பாதம் புதைந்து முழங்கால் இன்னும் திரும்பும். இறுகிய மண்ணில், அல்லது அலை நனைத்துக் கெட்டிப்பட்ட கரையில் வைத்துக்கொள்ளுங்கள். கரை என்றால் சரிவு இல்லாத இடமாகப் பார்த்துக்கொள்ள வேண்டும். சரிவில் ஒரே பக்கம் ஓடினால் ஒரு காலுக்கு மட்டும் சுமை ஏறும்.

தேடும்போது பெயரைத் தமிழில் அடித்தால் ஒன்றும் வராது. மெக்கேப்பின் பெயர், எதிரணியின் பெயர், ஆண்டு மூன்றையும் ஆங்கிலத்தில் சேர்த்து அடியுங்கள். அயர்லாந்துக்கு அவர் எண் 11, பச்சைச் சட்டை. கையில் தலைவிப் பட்டை இருப்பதால் சின்னத் திரையிலும் கண்டுபிடிக்கலாம். ஆர்சனலின் பழைய பதிவுகளில் எண் 15. பெர்த் கார்னரை முதலில் போடுங்கள், எல்லாருக்கும் ஆசை வரும். அடுத்த நாள் லிஸ்பன் ஆட்டத்தில், வலமிருந்து இடமாக ஆர்சனல் தாக்கும் பாதியை எடுத்து நோட்டைக் கையில் கொடுங்கள்.